சேற்றில் விழுந்த கோல்கீப்பர்

ஹசிந்தோ பெரராத்தி ஓட்டிய பேருந்தில் யாராவது ஒருவர் இதைச் சொல்லாமல் ஒரு நாளும் போனதில்லை: "கதவைச் சாத்துங்க தோன் ஹசிந்தோ, இன்னொண்ணும் உள்ள போயிடப் போகுது." 'தோன்' என்பது மரியாதைக்கு, கதவு கேலிக்கு. பேருந்து மொத்தமும் சிரிக்கும். ஹசிந்தோவும் சிரித்துக்கொண்டே கதவைச் சாத்துவார். வேறு தடம் கேட்டிருந்தால் கொடுத்திருப்பார்கள். ஆனால் கேட்டால் பயந்துவிட்டான் என்று பேசுவார்களே என்று, ஓய்வு பெறும்வரை அதே தடத்தில்தான் ஓட்டினார்.

அந்தத் தடம் எஸ்ட்ரெய்யா கால்பந்து அணியின் மைதானத்தை ஒட்டிப் போகும். பியூனஸ் அயர்ஸின் தென்கோடியில் ரயில் தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் எஸ்ட்ரெய்யா, சிவப்புச் சட்டை. இந்தப் பக்கம் ரிபேரா, பச்சைச் சட்டை. இந்தப் பக்கத்து வீட்டில் தக்காளி வாங்கினால்கூடக் காயாகப் பார்த்துத்தான் வாங்குவார்கள் என்று கேலி பேசுவதுண்டு. ஹசிந்தோ இளவயதில் ரிபேராவின் கோல்கீப்பராக இருந்தவர். எஸ்ட்ரெய்யாவின் சரித்திரத்திலேயே பேர்போன கோல் எதுவென்று தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் எந்தக் குழந்தையைக் கேட்டாலும் சொல்லிவிடும். அந்தக் கோல் விழுந்தது இவர் காத்த வலையில்தான்.

அன்று காலையிலிருந்தே மழை. ஆட்டம் முடியப் போகிறது, இரண்டு பக்கமும் கோல் இல்லை. ஹசிந்தோ தன் இடத்தை விட்டு முன்னால் வந்து தன் ஆட்களைப் பார்த்து ஏதோ கத்திக்கொண்டிருந்தார். எஸ்ட்ரெய்யாவின் எவாரிஸ்தோ கிந்தேரோஸ் மைதானத்தின் நடுவில் நின்றவன், நிமிர்ந்து பார்த்தான், அங்கிருந்தே ஓங்கி உதைத்தான். பந்து ஹசிந்தோவின் தலைக்கு மேல் போயிற்று. அவர் திரும்பி ஓடி, பாய்ந்து, தொட்டும் தொடாமல் சேற்றில் குப்புற விழுந்தார். ஒரு பத்திரிகைக்காரர் அதைப் படம் எடுத்துவிட்டார். அந்தப் படம் காலண்டரில் வந்தது, ஒயின் பாட்டிலில் ஒட்டப்பட்டது, கடைசியில் பேருந்து நிறுத்தத்துக்கு எதிர்ச் சுவரில் ஓவியமாகவும் ஏறிவிட்டது. தான் குப்புறக் கிடப்பதைப் பார்த்துக்கொண்டேதான் ஹசிந்தோ தினமும் பிரேக் போட்டார்.

அந்த வருடக் கடைசியில் ரிபேரா அவரை அனுப்பிவிட்டது. வேறு அணிகளும் கூப்பிடவில்லை. பந்து பிடித்த கைகள் ஸ்டியரிங்கைப் பிடித்தன. வண்டி ஓட்டத் தொடங்கிய புதிதில், தையல் கடையில் வேலை பார்த்த ஒதிலியா என்ற பெண் தினமும் முன் இருக்கையிலேயே வந்து உட்காருவாள். சிவப்புக் கழுத்துத் துண்டு போட்டிருப்பாள். கதவைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை பேச மாட்டாள். ஏன் என்று ஒரு நாள் அவரே கேட்டுவிட்டார்.

"நான் அன்னிக்கு மைதானத்துல இருந்தேன். நாங்க எதை அடிச்சாலும் புடிச்சே. உன்னைத் திட்டித் திட்டியே தொண்டை கட்டிப்போச்சு. அப்புறம் சேத்துலேர்ந்து எந்திரிச்சே பாரு, மூஞ்சி பூரா சேறு, கண்ணு மட்டும் ரெண்டு. அதுல சொக்கிட்டேன்" என்றாள்.

கல்யாணத்துக்கு அவளுடைய அண்ணன்மார் சிவப்பு டை கட்டிக்கொண்டு வந்தார்கள். பாதிரியாரே எஸ்ட்ரெய்யா ரசிகர். மணமகனை ஆசீர்வதிக்கும்போது அவர் உதட்டோரம் சிரிப்பில் துடித்ததாக ஹசிந்தோ இன்றும் சாதிப்பார். இரண்டு அணிகளும் மோதும் ஞாயிற்றுக்கிழமைகளில் ஒதிலியா சமையலறையில் ஒரு வானொலி வைத்துக்கொள்வாள். ஹசிந்தோ பின்கட்டில் இன்னொன்று வைத்துக்கொள்வார். ராத்திரிச் சாப்பாட்டுக்குள் சமாதானம் ஆகிவிட வேண்டும் என்பது வீட்டுச் சட்டம். ஆனால் எஸ்ட்ரெய்யா மைதானத்துக்குள் மட்டும் ஹசிந்தோ அந்த மழை நாளுக்குப் பிறகு கால் வைக்கவே இல்லை.

எஸ்ட்ரெய்யா தன் பார்வையாளர் படிக்கட்டுகளுக்கு அடியில் ஒரு மியூசியம் திறந்ததும் ஒதிலியாவுக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஹசிந்தோவுக்கு ஒரு வாரம் முழங்கால் வலித்தது. அடுத்த வாரம் கூரை ஒழுகியது. அதற்கடுத்த வாரம் தூரத்துச் சொந்தம் ஒருவர் காலமானார். அவர் ஏற்கெனவே ஒருமுறை காலமானவர் என்று ஒதிலியா நினைவுபடுத்தினாள்.

அவள் பிறந்தநாள் வந்தது. என்ன வேண்டும் என்று கேட்டார்.

"கேக் வேண்டாம், பூ வேண்டாம். மியூசியத்துக்குக் கூட்டிட்டுப் போ கிழவா."

"நான் வாசல்ல நிக்கறேன், நீ பாத்துட்டு வா."

"இத்தனை வருஷம் வாசல்ல நின்னது போதும்."

குளிர்காலத்தில் கறுப்புக் கண்ணாடியும், காது வரை இழுத்த தொப்பியுமாக ஹசிந்தோ கிளம்பினார். ஓய்வு பெற்றவர்களுக்குப் பாதிக் கட்டணம் என்று எழுதியிருந்தது. அடையாள அட்டை காட்ட வேண்டும், அதில் பெயர் இருக்கும். முழுக் கட்டணத்தையும் நீட்டி டிக்கெட் வாங்கினார்.

உள்ளே ஒதிலியா ஒவ்வொரு கண்ணாடிப் பெட்டி முன்னும் நின்று உருகினாள். நாடா கட்டிய பழைய தோல் பந்து, வெளிறிப்போன சட்டைகள், கோப்பைகள், தன் அப்பா உட்கார்ந்த அதே மரப் பலகை. ஹசிந்தோ சுவரில் மாட்டியிருந்த தீயணைப்புக் கருவியை எப்படி இயக்குவது என்பதைக் கவனமாகப் படித்துக்கொண்டிருந்தார். அதைப் படித்து முடித்ததும் அடுத்த அறையிலிருந்த தீயணைப்புக் கருவியைப் படித்தார்.

கடைசிக் கூடம் முழுவதும் அந்தக் கோலுக்காகவே இருந்தது. ஒலிபெருக்கியில் மழை பெய்துகொண்டிருந்தது. ஆள் உயர எவாரிஸ்தோ காலைத் தூக்கிக்கொண்டு நின்றான். எதிர்க்கோடியில், வலைக்குப் பக்கத்தில், சுண்ணாம்பால் செய்த சேற்றில் ஒரு பொம்மை முகத்தைத் திருப்பிக்கொண்டு கிடந்தது. கொழுத்த உடம்பு, தடித்த மீசை. பெரிய கூட்டம் ஒன்று அதைச் சுற்றி நின்றிருந்தது. மைதெனா என்ற வழிகாட்டிப் பெண் கதை சொல்லிக்கொண்டிருந்தாள்.

ஒதிலியா சிரிக்க ஆரம்பித்தாள். ஹசிந்தோ அவள் கையைப் பிடித்து இழுத்துப் பார்த்தார். சிரிப்பு இன்னும் கூடியது. மைதெனா கதையை நிறுத்திவிட்டு என்ன விஷயம் என்று மரியாதையாகக் கேட்டாள்.

"ஒண்ணுமில்லம்மா. அங்க கெடக்கறது என் புருஷன். இங்க நிக்கறதும் அவனேதான். அவன் ஜென்மத்துல மீசை வெச்சதில்ல."

கூட்டம் மொத்தமும் பொம்மையை விட்டு ஹசிந்தோ பக்கம் திரும்பியது. ஹசிந்தோவின் கண்கள் வெளியேறும் வழியைத் தேடின. அதற்குள் சிவப்புச் சட்டை போட்ட ஒரு வழுக்கைத் தலை ஆசாமி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து அவர் எதிரில் நின்றான். அடிக்கப் போகிறான் என்றே ஹசிந்தோ நினைத்தார். அவன் அவரை இறுகக் கட்டிக்கொண்டான்.

"எங்கப்பா கூச்ச சுபாவம் தோன் ஹசிந்தோ. பல வருஷமா எங்கம்மாகிட்ட வாயைத் திறக்கல. அன்னிக்கு கோல் விழுந்த சந்தோஷத்துல சொல்லிட்டாரு. நீங்க அந்தப் பந்தைப் புடிச்சிருந்தா நான் பொறந்தே இருக்க மாட்டேன்."

எல்லாரும் கை தட்டினார்கள். யாரோ நாற்காலி கொண்டுவந்தார்கள். அன்றைக்கு நிஜமாக என்ன நடந்தது என்று ஒருவர் கேட்டார். இத்தனை காலமும் எல்லாரும் அவரிடம் அந்தக் கோலைச் சொல்லிக்காட்டினார்களே தவிர, அவரைச் சொல்லச் சொன்னவர் ஒருவரும் இல்லை. ஹசிந்தோ தொப்பியைக் கழற்றினார். முதலில் தயங்கித் தயங்கி ஆரம்பித்தவர், பந்து வரும் இடத்துக்கு வந்தபோது நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்துவிட்டார். காற்று எப்படி அடித்தது, பந்து மேலே எவ்வளவு சின்னதாகத் தெரிந்தது, விரல் நுனியில் அதன் ஈரம் எப்படிப் பட்டது என்று இரண்டு கையாலும் காட்டினார். பந்து வலைக்குள் போனதும் கூட்டமே 'அடடா' என்று அவருக்காக வருத்தப்பட்டது. அத்தனை பேரும் எஸ்ட்ரெய்யாக்காரர்கள்.

மைதெனா அவரை விடவில்லை. அந்தக் காலத்துக் கையுறை இருந்தால் மியூசியத்துக்குத் தர முடியுமா என்று கேட்டாள்.

"என்கிட்டேர்ந்து எடுத்தது பத்தலையாம்மா?" என்றார் ஹசிந்தோ. சரி, கையுறை வேண்டாம், சனிக்கிழமைதோறும் நீங்களே வந்துவிடுங்கள் என்றாள். ஒதிலியா அவர் சார்பில் ஒப்புக்கொண்டாள்.

அடுத்த சனிக்கிழமை பொம்மைக்கு மீசை இல்லை. மைதெனா தானே சுரண்டி எடுத்திருந்தாள். தொப்பையை மட்டும் ஒன்றும் செய்ய முடியவில்லையாம்.

ரிபேரா பக்கம் சேதி பரவியதும் பற்றிக்கொண்டது. அவர் வழக்கமாக உட்காரும் காப்பிக்கடையில் அவருடைய நாற்காலியைச் சுவரைப் பார்த்துத் திருப்பிப் போட்டுவிட்டார்கள். எல்லாரையும்விட அதிகமாகக் குதித்தவர் ஒல்லி ரெமிஹியோ. அந்த ஆட்டத்தில் ஹசிந்தோவுக்கு முன்னால் தடுப்பாட்டக்காரராக நின்றவர், அன்றிலிருந்து இன்றுவரை நண்பர். எதிரியின் வீட்டில் போய் வேஷம் கட்டுகிறவன் முகத்தில் இனி விழிக்க மாட்டேன் என்று கடை நடுவில் நின்று அறிவித்தார்.

ஹசிந்தோ நிறுத்தவில்லை. சொல்லச் சொல்லக் கதை வளர்ந்தது. ஒரு வாரம் காற்று திசை மாறியது. ஒரு வாரம் மின்னல் கண்ணைக் கூச வைத்தது. பிறகொரு வாரம், ஒல்லி ரெமிஹியோ தன் இடத்தை விட்டுவிட்டுக் குனிந்து ஷூ நாடா கட்டிக்கொண்டிருந்தான், அவனைப் பார்த்துக் கத்தப் போய்த்தான் நான் முன்னால் வர வேண்டியதாயிற்று என்று சொல்லிவிட்டார். அதற்குக் கூட்டம் விழுந்து விழுந்து சிரித்ததால் அந்த நாடா கதையில் நிரந்தரமாகத் தங்கிவிட்டது.

சில வாரம் கழித்து, கதை சரியாக அந்த இடத்துக்கு வந்தபோது, பின்வரிசையில் கழுத்துத் துண்டால் முகத்தை மூடியிருந்த ஓர் ஒல்லி உருவம் எழுந்தது.

"பொய்யி. என் நாடா அவுறவே இல்ல. இவன் என்னைப் பாத்துக் கத்தினது எதுக்குன்னா, ராத்திரி சாப்பாட்டுக்கு யார் வீட்டுக்குப் போறதுன்னு கேக்கறதுக்கு."

"ஆட்டம் நடக்கறப்ப நான் ஏன்டா சாப்பாட்டைப் பத்திக் கேக்கறேன்?"

"நீ எப்பவும் சாப்பாட்டைப் பத்தித்தான்டா கேப்ப."

கூட்டம் இருவருக்கும் கை தட்டியது. ரெமிஹியோ துண்டைக் கழற்றிவிட்டு முன்வரிசைக்கு வந்தார். அதன்பின் சனிக்கிழமைகளில் இரண்டு நாற்காலி போட வேண்டியிருந்தது. தங்கள் ஆள் அங்கே சரியாகப் பதில் சொல்கிறானா என்று பார்க்க வேண்டும் என்ற சாக்கில் பச்சைக்காரர்கள் ஒவ்வொருவராகத் தண்டவாளத்தைத் தாண்டி வந்தார்கள். சிவப்புக்காரர்களின் கல்லாவில் டிக்கெட் வாங்கும்போது மட்டும் பக்கவாட்டில் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். காப்பிக்கடையில் நாற்காலியும் ஒரு நாள் பழையபடி மேஜையைப் பார்த்துத் திரும்பியது. அதை யார் திருப்பியது என்று யாரும் கேட்டுக்கொள்ளவில்லை.

போன குளிர்காலத்தில் ஒரு சனிக்கிழமை நல்ல மழை. மியூசியத்துக்கு யாரும் வரவில்லை. ஒதிலியா குடுவையில் வெந்நீர் கொண்டுவந்து, மாத்தே என்கிற கசப்பு இலைத் தேநீரைக் கலந்து கொடுத்துக்கொண்டிருந்தாள். கோப்பை மூன்று பேர் கையிலும் மாறி மாறிச் சுற்றியது. மழைக்கு ஒதுங்கிய ஒரு பெண்மணி உள்ளே வந்தார். மெந்தோசா நகரத்திலிருந்து தங்கையைப் பார்க்க வந்திருக்கும் நர்ஸ், கால்பந்து பற்றி ஒன்றும் தெரியாதாம். அவருக்கும் ஒரு வாய் மாத்தே கொடுத்துவிட்டு, கிழவர்கள் இருவரும் நாடாச் சண்டையோடு முழுக் கதையையும் சொன்னார்கள். அவர் சிரிக்க வேண்டிய இடத்தில் எல்லாம் சிரித்தார். முடிந்ததும் கேட்டார்:

"மறுநாள் என்ன செஞ்சீங்க?"

ஹசிந்தோ கோப்பையைக் கீழே வைத்தார். ரெமிஹியோ அவரைத் திரும்பிப் பார்த்தார்.

மறுநாள் காலையில் வீட்டில் ரொட்டி இல்லை என்றார் ஹசிந்தோ. அம்மாவை அனுப்ப மனம் வரவில்லை, அவள் காதிலும் நாலு வார்த்தை விழும். திங்கட்கிழமை எங்கள் பக்கத்துக் கடை விடுமுறை. அதனால் தண்டவாளத்தைத் தாண்டிப் போனேன். கடை முழுக்க சிவப்புக் கொடி. என்னைப் பார்த்ததும் வரிசையில் நின்றவர்கள் பேச்சை நிறுத்திவிட்டார்கள். என் முறை வந்தது. ரொட்டிக்காரர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். பெரிய மீசை, முரட்டு ஆள். சரி, இப்போது ஆரம்பிக்கப் போகிறார் என்று நினைத்தேன்.

"'நேத்து அந்த மழையில ரொம்ப நேரம் நனைஞ்சியேப்பா, காய்ச்சல் எதுவும் வரலியே'ன்னு கேட்டாரு. அவ்வளவுதான். சூடான ரொட்டியாப் பாத்துப் பொறுக்கிக் குடுத்தாரு. வெளிய வந்து தண்டவாளத்து மேல உக்காந்து அழுதுட்டேன். ரொட்டி பாதி அங்கேயே தீந்துபோச்சு."

ஒதிலியா குடுவையை மடியில் வைத்துக்கொண்டு அவரையே பார்த்தாள். இது அவளும் கேட்டிராதது.

"என்கிட்டகூட சொல்லலியேடா" என்றார் ரெமிஹியோ.

"நீ கேக்கலியே."

நர்ஸ் அம்மாள் நன்றி சொல்லிக்கொண்டு கிளம்பினார். ரெமிஹியோ மூக்கைத் துடைத்துக்கொண்டு எழுந்து, மழை விட்டுவிட்டது, வீட்டுக்குப் போகலாம் என்றார். வெளியே கொட்டிக்கொண்டுதான் இருந்தது. யாரும் அவரைத் திருத்தவில்லை. மூன்று பேரும் ஒரே குடைக்குள் முட்டிமோதிக்கொண்டு, ராத்திரிச் சாப்பாட்டுக்கு யார் வீட்டுக்குப் போவது என்று சண்டை பிடித்தபடி நடந்தார்கள்.