மொக்கையன் மாமன் கோவம்

பரவை அருள்பாண்டியைச் சினிமாவில் பார்த்திருப்பீர்கள். பார்த்தது ஞாபகம் இருக்காது. கதாநாயகனுக்குப் பின்னால் ஐந்து சேக்காளிகள் நிற்பார்கள் இல்லையா, அதில் ஐந்தாவது ஆள். கதாநாயகன் காதலிப்பான், இவன் அடி வாங்குவான். பத்து வருஷத்தில் இவன் விழாத சாக்கடை இல்லை, சாணிக்குழி இல்லை. விழுவதில் மட்டும் அவனை மிஞ்ச ஆள் கிடையாது.

அவன் அம்மா சீனியம்மாள் என் சித்தப்பா மகள். அவளுக்கு ஒரே அண்ணன் மொக்கையன், விளாங்குடியில் இருக்கிறான். மொக்கையன் மகள் அஸ்வினிக்குக் கப்பலூர் கம்பெனியில் கணக்கு வேலை. அவளை அருள்பாண்டிக்குக் கொடுப்பதென்று பேசி முடித்து, வைகாசியில் கல்யாணம் வைத்திருந்தார்கள். அவளுக்கும் ஆசைதான். அவன் விழுகிற படத்தையெல்லாம் முதல் நாளே பார்த்துவிடுவாள்.

மொக்கையனைப் பற்றிச் சொல்ல வேண்டும். தாய்மாமன் என்றால் விசேஷ வீட்டில் கோவித்துக்கொள்ள உரிமை உள்ளவன். மாலையை இரண்டாவதாகப் போட்டார்கள், வெற்றிலைத் தட்டை முகம் பார்த்து நீட்டவில்லை, ஏதாவது ஒன்று கிடைக்கும். விருட்டென்று வெளியேறுவான். நாலு பேர் பின்னாலேயே ஓடிக் கையைப் பிடித்துக் கூட்டிவர வேண்டும். நானே ஓடியிருக்கிறேன்.

போன வருஷம் ஒரு படத்தில் டைரக்டர், "சும்மா ஏதாவது பேசுய்யா" என்றிருக்கிறார். இவன் வாய் சும்மா இருக்குமா?

"எங்க மொக்கையன் மாமா கோவம் மாதிரில்லடா இருக்கு! கோவிச்சுட்டுப் போவாரு. ஆனா பந்தியில துண்டைப் போட்டு எடம் பிடிச்சுட்டுத்தான் போவாரு."

மொக்கையன் என்பது எங்கள் பக்கம் பாட்டன் பூட்டன் பேர். சென்னையிலோ மொக்கை என்றால் சிரிப்பு வராத ஜோக்காம். அந்தப் பேருக்கே உருண்டு புரண்டு சிரித்தார்களாம். படம் ஓடவில்லை. அந்த வசனம் மட்டும் எல்லார் செல்போனிலும் ஓடியது. துண்டு விஷயம் பொய்யும் இல்லை, அதுதான் வினை.

அடுத்து வந்த காதுகுத்தில் மொக்கையன் வழக்கம்போல் வெளியேறினான். ஒருத்தரும் பின்னால் ஓடவில்லை. "மாமா, துண்டு போட்டாச்சா?" என்று பந்தலே சிரித்தது. ஆளாளுக்குச் செல்போனை நீட்டிப் படம் பிடித்தார்கள். ரோடு வரைக்கும் போய் நின்று திரும்பிப் பார்த்தான். பஸ்தான் வந்தது, ஆள் வரவில்லை. ஏறிப் போய்விட்டான். அவன் சாப்பிடாமல் போன விசேஷம் அது ஒன்றுதான்.

மறுநாளே சொல்லிவிட்டான்: "பொண்ணு கெடையாது. என் கோவத்துக்கு இருந்த மருவாதியையே கெடுத்துப்புட்டான்."

சீனியம்மாள் அழுது பார்த்தாள். அஸ்வினி, "ஏம்ப்பா, மச்சான் சொன்னது நெசந்தானே?" என்று கேட்டுக் காரியத்தை இன்னும் கெடுத்தாள்.

சொந்தபந்தம் எல்லாம் கூடியிருந்த ஒரு வீடு குடிபுகும் விசேஷத்தில், அருள்பாண்டி நேரே மாமன் முன்னால் வந்து நின்றான். "மாமா, தப்புத்தான், மன்னிச்சிருங்க" என்று காலில் விழப் போனான். மனசாரத்தான் போனான். ஆனால் பத்து வருஷத் தொழில், உடம்பு கேட்குமா? கால் வழுக்கி, ஒரு சேரை இழுத்து, சந்தனக் கிண்ணத்தைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு விழுந்தான். கூடமே சிரிப்பில் அதிர்ந்தது.

"பொண்ணு தாரேன்னு சொன்னாத்தான் எந்திரிப்பேன் மாமா," என்றான் தரையிலிருந்து. இன்னும் சிரிப்பு.

மொக்கையன் சுற்றிலும் பார்த்துவிட்டு என் காதில் கேட்டான்: "அண்ணே, யாரைப் பாத்துச் சிரிக்கிறாய்ங்க?"

"அவனைப் பாத்துத்தான்டா."

"என்னைய இல்லையே?"

"ஒன்னைய எவன் பாக்குறான்!"

அவன் முகம் தெளிந்தது. குனிந்து கையைக் கொடுத்தான்.

"எந்திரி மாப்ள. வைகாசியில மாலை மாத்தணும், இடுப்பை ஒடிச்சுக்கிறாத."