பதினோராம் இலக்கத்துக்கு எழுதிய நாலு வரி

நேரடி ஒளிபரப்பு என்றால் சனம் அப்படியே நம்பிவிடுகிறது. அதற்கு எழுதிக்கொடுத்தவன் நான், எனக்கு எரிச்சல்தான் வரும். மாத்தளை டவுனில் நடந்த அரசாங்க ஊர்வலம் ஒன்றுக்கான தமிழ் டிவி வர்ணனையை இரண்டு வாரத்துக்கு முன்பே எழுதிக் கொடுத்துவிட்டேன். மேலதிகாரி முத்திரை குத்திய பிறகு அதில் ஓர் எழுத்தையும் மாற்றக்கூடாது. ஊர்வலத்தன்று ஒளிபரப்பு வேனுக்குள் அறிவிப்பாளர் பக்கத்தில் உட்கார்ந்து, வரிக்குக் கீழே பென்சிலை நகர்த்துவது என் வேலை. பென்சில் நகர்ந்தால் வாசிப்பார், தூக்கினால் நிறுத்திவிடுவார்.

ஊர்வல வரிசையில் பதினோராம் இலக்கம், உக்குவளைக்கு மேலே இருக்கும் எங்கள் தேயிலைத் தோட்டத்துத் தப்பு மேளக் குழு. முன்வரிசையில் என் அப்பா. அந்த நாலு வரியை எழுத எனக்கு ஒரு நாள் முழுக்கப் பிடித்தது.

எட்டாம் இலக்கம் போய்க்கொண்டிருந்தபோது, அப்பாவின் குழுவில் ஒருவர் மூச்சிரைக்க வந்து வேன் கதவைத் தட்டினார்.

"தம்பி, செக் பொயின்ட்ல அப்பாவையும் மத்தவங்களையும் எறக்கி பொலிசுக்குக் கொண்டு போயிட்டாங்க. ஐடென்டி காட் இல்லையாம். என்கிட்ட மட்டுந்தான் இருந்துச்சு."

பிரஜாவுரிமைக்கு எழுதிப் போட்டுவிட்டு வருடக்கணக்காகக் காத்திருந்தவர்களிடம் அடையாள அட்டை எங்கிருந்து வரும்? தயாரிப்பாளரிடம் சொன்னேன். அவர் என் முகத்தையே பார்க்கவில்லை. பேப்பரில் உள்ளதை வாசிக்கட்டும், ஒத்திகையில் பதிந்த தப்புச் சத்தத்தின் டேப்பைப் போடுங்கள் என்று சிங்களத்தில் சொல்லிவிட்டு, கமெராவை மேடை விருந்தினர் பக்கம் திருப்பச் சொன்னார்.

நான் பென்சிலைத் தூக்கியிருக்கலாம். தூக்கவில்லை. வேலை போய்விடும் என்ற பயம், வேறொன்றுமில்லை. பதினோராம் இலக்கத்தின் முறை வந்தபோது, அவர்கள் வரவேண்டிய வீதி வெறுமையாகக் கிடக்க, "இதோ, தப்பு முழங்க நம்மைக் கடந்து செல்கிறார்கள் எங்கள் தோட்டத்துக் கலைஞர்கள்" என்று அறிவிப்பாளர் கணீரென்று வாசித்தார். தோட்டத்து லய வீட்டில் டிவி பார்த்த அம்மா, அப்பாவின் அடி நன்றாகக் கேட்டதாகச் சந்தோஷப்பட்டிருக்கிறாள்.

அப்பா மூன்றாம் நாள்தான் வீடு வந்தார். உதடு வீங்கியிருந்தது.

"ஊர்வலத்துக்குத்தான் போறோம்னு சொன்னத மொதல்ல நம்பினாங்கடா. விடவும் பாத்தாங்க. அங்கயும் டிவி ஓடுச்சு. தமிழ் தெரிஞ்ச ஒருத்தன், அந்தக் குழு இப்பத்தான் ரோட்டுல போகுதாம், அப்ப நீங்க யாருன்னு கேட்டுக் கேட்டு அடிச்சான்."

நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

"எம் மகன்தான் அத எழுதினான்னு வாய் வரைக்கும் வந்துச்சு," என்றார் அப்பா. "வெக்கமா இருந்துச்சு. சொல்லல."