கேசட் கழன்ற கதைகள்

சைக்கிளின் பின் சக்கரக் கேசட்டோடு மல்லுக்கட்டுகிறவன் கையை எந்த சோப்பாலும் வெளுக்க வைக்க முடியாது. கேசட் என்றதும் பாட்டு கேசட்டை நினைக்காதீர்கள். கியர் சைக்கிளின் பின் சக்கரத்தில் சின்னதிலிருந்து பெரியது வரை பல்சக்கரங்கள் அடுக்காக இருக்குமே, அந்த அடுக்குக்குத்தான் அந்தப் பெயர். அதில் ஒவ்வொரு சக்கரத்தையும் கடையில் பல் என்றே சொல்வோம். மேற்குத் தாம்பரத்தில், முடிச்சூர் சாலையை ஒட்டிய ஒரு சந்தில் நானும் என் மச்சான் யூசுப்பும் கடை வைத்திருக்கிறோம். மிக்ஸியோ மோட்டாரோ, அடுத்தவர் பொருளைப் பிரித்துப் பிழைக்கிற எல்லோருக்கும் நான் சொல்லப்போகிற சங்கடங்கள் தெரிந்தவையாகத்தான் இருக்கும்.

மிச்சமான வளையம்

அதுவரை பஞ்சர் மட்டும் ஒட்டிக்கொண்டிருந்த நான் முதன்முதலில் கழற்றிய கேசட் பாபுவுடையது. பாபு ஆட்டோ ஓட்டுகிறவர். சர்க்கரை ஏறிவிட்டது என்று டாக்டர் மிரட்டியதால் கியர் சைக்கிள் வாங்கியிருந்தார். நான் ஒவ்வொரு பல்லாக உருவித் தரையில் வைத்தேன், மண்ணெண்ணெயில் கழுவினேன், திரும்ப மாட்டினேன். பல்லெல்லாம் கழலாமல் பிடிக்கிற பூட்டையும் இறுக்கியாயிற்று. பார்த்தால், துணி மேல் மெல்லிய வளையம் ஒன்று தனியாகக் கிடக்கிறது. அதைக் காலால் மறைக்கலாமா என்றுகூட ஒரு நிமிஷம் யோசித்தேன். பொய் சொல்லவில்லை.

பாபு பார்த்துவிட்டார். நல்லவேளை, பொழுது போகாமல் நான் கழற்றியதை எல்லாம் போனில் படம் பிடித்து வைத்திருந்தார். அதைக் கடைசியிலிருந்து முன்னால் தள்ளித் தள்ளிப் பார்த்து, இரண்டு சின்னப் பல்லுக்கு நடுவே அந்த வளையத்தைச் சேர்த்தோம். வண்டியை எடுத்துக்கொண்டு கிளம்பும்போது சொன்னார்: "அண்ணா, அடுத்த தபா கயட்டும்போதும் நான் கூடவே குந்திக்கினு இருக்கேன். உன் ஞாபகத்த நம்பி வண்டிய வுட முடியாது."

துரு

ஒரு மழைக்காலத்தில் எங்கள் பகுதியில் இடுப்பளவு தண்ணீர் நின்றது. வடிந்த பிறகு, தண்ணீரில் ஊறிய சைக்கிள்களாகவே வந்துகொண்டிருந்தன. ஒன்றில் கேசட்டின் பூட்டு துருவேறி அசையவே இல்லை. சக்கரத்தைத் தரையில் படுக்கவைத்தோம். நான் ஸ்பேனரில் நீளமான இரும்புக் குழாயைச் செருகித் தள்ள, யூசுப் சக்கரத்தின் மேல் ஏறி உட்கார்ந்துகொண்டான். அரை மணி நேரம். டீக்கடைக்காரர் வந்து வேடிக்கை பார்த்துவிட்டுப் போனார்.

வியர்வையைத் துடைத்துக்கொண்டே யூசுப் குழாய் போகிற திசையைக் கொஞ்ச நேரம் பார்த்தான். பிறகு, என் மனம் நோகக் கூடாது என்பது போல மெதுவாகக் கேட்டான்: "மச்சான், நாம கழட்டறோமா, இறுக்கறோமா?"

செல்வராஜ் சார்

சேலையூரில் இருக்கும் செல்வராஜ் சார் ஓய்வு பெற்ற கணக்கு ஆசிரியர். சர்ச்சுக்கும் சைக்கிளில்தான் போவார். அவருடைய கேசட் முழுக்கக் கறுப்பாக அல்வா மாதிரி ஏதோ அப்பியிருந்தது. வாரம் தவறாமல் தேங்காய் எண்ணெய் விட்டிருக்கிறார். அதில் ரோட்டு மண் ஒட்டி, பல்லையும் செயினையும் அரம் போட்ட மாதிரி தேய்த்துவிட்டது. கேசட்டோடு செயினையும் மாற்ற வேண்டும், நீண்டுபோன பழைய செயின் புதுப் பல்லில் உட்காராமல் வழுக்கும் என்றேன். நான் வியாபாரம் பேசுவதாக அவருக்குப் பட்டுவிட்டது. செயின் நன்றாகத்தானே இருக்கிறது, கேசட் மட்டும் போதும் என்றார். நானும் வாதாடிப் பார்த்தேன். முப்பது வருஷம் பிள்ளைகளை உட்காரவைத்தவரிடம் எவ்வளவு வாதாட முடியும்? கேசட்டை மட்டும் மாற்றிக் கொடுத்தேன்.

மறுநாள் காலை கூடுவாஞ்சேரிக்குக் கிளம்பியவர் பெருங்களத்தூர் தாண்டவில்லை. மிதிக்க மிதிக்க செயின் நழுவி, கால் காற்றில் சுற்றியிருக்கிறது. வெயிலில் வண்டியைத் தள்ளிக்கொண்டே கடைக்கு வந்தார். வெள்ளைச் சட்டையில் கிரீஸ் கறை. நான் புதுச் செயினை எடுத்தேன். நாற்காலியில் உட்கார்ந்து, தண்ணீர் குடித்து முடித்த பிறகு சார் சொன்னார்: "கேசட் நல்லாத்தான் இருக்கு. என் காலுக்குத்தான் அதோட ஒத்துப்போகல."

மேம்பாலம்

மும்தாஜ் அக்கா கிழக்குத் தாம்பரத்தில் இருக்கிறார். மேற்கே ஒரு இடத்தில் பெண்களுக்குத் தையல் சொல்லிக்கொடுக்கிறார். முட்டி வலிக்கு சைக்கிள் நல்லது என்று மகன் கியர் வண்டி வாங்கிக் கொடுத்துவிட்டு வெளிநாடு போய்விட்டான். ஆனால் ரயில்பாதை மேலே போகிற மேம்பாலத்தில் ஏற முடியாமல் தினமும் இறங்கித் தள்ள வேண்டியிருந்தது. பஸ்காரர்கள் பின்னாலிருந்து ஹாரன் அடிக்கிறார்கள், வெட்கமாக இருக்கிறது, ஒரே ஒரு தடவையாவது இறங்காமல் ஏற வேண்டும் என்றார். பெரிய பல் உள்ள கேசட் ஒன்றைப் போட்டுக் கொடுத்தேன்.

அன்று கடையில் கூட்டம். செயின் கடைசிப் பல்லைத் தாண்டிப் போகாமல் நிறுத்துகிற திருகாணியைச் சரிபார்க்காமல் விட்டுவிட்டேன். பாலத்து ஏற்றத்தில் அக்கா கடைசி கியரைப் போட, செயின் பல்லுக்கும் சக்கரக் கம்பிக்கும் நடுவே விழுந்து சக்கரம் நின்றுவிட்டது. அக்கா ரோட்டில் விழுந்தார். பின்னால் வந்த வேன்காரர் பிரேக் பிடித்ததால் முழங்கைச் சிராய்ப்போடு போயிற்று. போனில்தான் கேள்விப்பட்டேன். ஒரு வாரம் எந்த வண்டியைத் தொட்டாலும் அந்தத் திருகாணிதான் கண்ணில் நின்றது.

அக்கா திட்டவில்லை. கையில் கட்டோடு வந்து, சரிசெய்து கொடு என்றார், அவ்வளவுதான். திருகாணியை அளந்து வைத்தேன். அதே பாலத்தில் நானே ஐந்து தடவை ஏறி இறங்கிப் பார்த்துவிட்டுத்தான் கொடுத்தேன். மறுநாள் அவர் போகும்போது, பஸ்கள் நெருங்காதபடி என் ஸ்கூட்டரைப் பின்னாலேயே ஓட்டிக்கொண்டு போனேன். அக்கா மெதுவாக, ரொம்ப மெதுவாக ஏறினார். நடந்து போனவர்கள்கூட முந்தினார்கள். ஆனால் கால் தரையில் படவில்லை. உச்சிக்கு வந்ததும் ஓரமாக நிறுத்தி, மூச்சு வாங்க எதிர்ச் சரிவைப் பார்த்தார். பிறகு என்னைத் திரும்பிப் பார்த்துக் கேட்டார்: "தம்பி, பயப்படாம இறங்கறதுக்கு ஏதாவது கியர் இருக்கா?"

பல் தேய்ந்திருப்பதைக் காட்டிக்கொடுக்க என் பெட்டியில் கருவி இருக்கிறது, அது யாரால் தேய்ந்தது என்று வண்டிக்காரரை, சில நாள் என்னையே, ஒப்புக்கொள்ள வைக்கிற கருவியைத்தான் இன்னும் எந்தக் கடையிலும் பார்க்கவில்லை.