விட்ட பஸ்ஸும் என் முன்னுரையும்

இன்று காலை போர்கோ வெக்கியோ சந்தையில் மீன்கடைக்காரன் நிலம் கழுவிய எலுமிச்சை மருந்தின் வாசம் என்னை நிறுத்திவிட்டது. முன்பு, கடலோர மொண்டெல்லோவில் ஓர் இத்தாலிய எசமானியின், அந்தச் சிஞ்ஞோராவின், வீட்டில் துப்புரவு வேலை முடித்து வரும் என் மனைவியின் கையில் இதே வாசம்தான் இருக்கும். அந்தக் கையால் அவள் கவிதையும் எழுதினாள் என்று சொல்ல எனக்கு அப்போது கூச்சம்.

எனக்கே அந்தக் கூச்சம் வந்ததுதான் வெட்கக்கேடு. இங்கே வந்து உணவகத்தில் கோப்பை கழுவ முன்னர், யாழ்ப்பாணத்தில் ஆங்கில இலக்கியம் படிப்பித்தவன் நான். முந்நூறு நானூறு வருடங்களுக்கு முன் கவிதை எழுதிய ஆங்கிலப் பெண்களைப் பற்றி வகுப்பில் உருகுவேன். எழுதியதற்கே அவர்கள் மன்னிப்புக் கேட்க வேண்டியிருந்தது. இல்லாவிட்டால், வீட்டுவேலை கெடாமல்தான் எழுதினாள் என்று ஓர் ஆண் முன்னுரையில் சாட்சி சொல்ல வேண்டும். ‘நான்’ என்று எழுதியதே அவர்களின் துணிச்சல் என்பேன்.

பல வருடங்களுக்கு முன், எங்கள் கோவிலின் ஆண்டு மலருக்கு மனைவி ஒரு கவிதை தந்தாள். வேலை முடிந்து, வந்த பஸ்ஸை வேண்டுமென்றே விட்டுவிட்டு, யாருக்கும் மனைவியாகவோ தாயாகவோ இல்லாமல் கடலைப் பார்த்திருக்கும் ஒருத்தியின் கவிதை. மலர்க்குழுவில் ஒருவர் வாசித்துவிட்டுச் சிரித்தார்.

“என்ன மாஸ்டர், அக்காவுக்கு வீட்டை வர விருப்பமில்லையோ?”

சுருக்கென்றது. அன்றே முன்னுரை எழுதினேன். வீட்டுக் கடமைகளுக்கிடையே என் மனைவி எழுதியது, இதில் பேசுபவள் அவளல்ல, கற்பனைப் பெண் என்று. முன்னுரை நல்ல தமிழ் என்று எனக்குப் பாராட்டு வேறு.

மலர் வந்த அன்று, சோறு போட்டுக்கொண்டே மனைவி கேட்டாள்: “அப்ப கடலுக்கு முன்னாலை இருந்தது ஆர்?”

அதன் பிறகு அவள் எழுதவில்லை. வீட்டுக்குப் பிந்தியும் வரவில்லை.

போன ஞாயிறு கோவில் மண்டபத்தில் பெண்கள் நடத்திய ஒன்றுகூடல். பழைய மலரில் அந்தக் கவிதையைக் கண்டவர்கள் அவளை வாசிக்கக் கேட்டிருந்தார்கள். போகும் வழியில் சொன்னேன்: “என்ரை முன்னுரை பிழை எண்டு எழும்பிச் சொல்லப்போறன்.”

“நீங்கள் ஒண்டும் சொல்ல வேண்டாம். பேசாமல் இருந்து கேளுங்கோ.”

கேட்டேன். “இது நான்தான்” என்று தொடங்கினாள். பஸ்ஸை விட்ட வரி வந்ததும் பின்வரிசையில் ஒரு குரல்: “நானும் விட்டனான் அக்கா!”

“நான் ரெண்டு விட்டனான்!” என்றாள் இன்னொருத்தி.

மண்டபமே சிரித்தது. அவளும் வாசிப்பதை நிறுத்திச் சிரித்தாள். எத்தனையோ வருடப் பாரம் எனக்கு இறங்கியது.

திரும்பி வரும்போது சொன்னாள், “இன்னொண்டும் எழுதியிருக்கிறன்.”

“காட்டுவியோ?”

“மேடையிலை வாசிக்கேக்கை கேளுங்கோ.”

என்னைக் கேலி செய்தவர் குடும்பத்தோடு இங்கிலாந்து போய்விட்டார். சிஞ்ஞோராவின் வீடும் கைமாறிவிட்டது. மனைவியின் கவிதைக்கு முன்னுரை எழுதும் கணவர்கள் எங்கள் மலரில் இப்போது இல்லை. கடைசி ஆள் நான்தான் என்று நினைக்கிறேன்.