பெல்லா என்று எழுதப்பட்ட வீடு

1. சின்யோரா, வேல்ஸில் தான் பிறந்த கிராமத்தின் வீட்டுப் பெயர்களை என் அம்மாவுக்கு ஒவ்வொன்றாகச் சொன்னார்.
2. அம்மா அவற்றைத் தமிழில் எழுதிக்கொண்டார்.
3. நான் அவற்றை ரோமன் எழுத்துக்கு மாற்றி, வரைபடத்தில் குறித்து, அந்தக் கிராமத்துக்கு அனுப்பினேன்.
4. இருபத்து மூன்று பெயர்களில் ஒன்றைப் பிழையாக வாசித்திருந்தேன்.
5. அது சின்யோரா பிறந்த வீடு.
6. கிராமம் அந்த வீட்டைத் தன் வரலாற்றிலிருந்து நீக்கியது.

அம்மா இத்தாலியில், பலெர்மோ நகரின் கால்சா பகுதியில், சின்யோராவின் வீட்டில் பதினொரு வருடங்களாக வேலை செய்கிறார். சின்யோரா என்று நாங்கள் அழைக்கும் அந்த அம்மையாருக்கு எண்பத்து நான்கு வயது. பலெர்மோக்காரரான கப்பல் பொறியியலாளர் ஒருவரை மணந்து இருபத்திரண்டு வயதில் இங்கே வந்தவர். கணவர் இறந்த பிறகும் திரும்பிப் போகவில்லை. கை நடுங்கும், கண் மங்கல், தொலைபேசியில் பேசினால் கேட்காது. சென்ற வருடம் அவருடைய கிராமத்திலிருந்து ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் கடிதம் எழுதினார். ஊரைப் பற்றி ஒரு சிறு புத்தகம் தயாராகிறது, நினைவிலுள்ள வீட்டுப் பெயர்களைத் தர முடியுமா என்று கேட்டிருந்தார். சின்யோராவுக்கு உடனே வேண்டியது ஒன்றுதான்: தன் வீடு அந்தப் புத்தகத்தில் இருக்க வேண்டும். அந்த வீட்டில் பிறந்தவர்களில் அவர் மட்டுமே மிஞ்சியிருந்தார்.

நான் நிலத்தடிக் கேபிள்களுக்கு வரைபடம் வரையும் ஓர் அலுவலகத்தில் வேலை செய்கிறேன். சனிக்கிழமைகளில் அம்மாவுக்குத் துணையாகப் போவேன். அப்படித்தான் வரைபடம் என் பொறுப்பானது.

சின்யோரா சொன்னவற்றிலிருந்து கிராமத்தை இப்படிக் குறித்து வைத்தேன். ஒரே தெரு. இரண்டு தேவாலயங்கள், எதிரெதிரே. ஒன்றுக்குப் போகிறவர்கள் மற்றதன் பக்கமுள்ள நடைபாதையில் கால் வைப்பதில்லை. மேலே கற்பலகைச் சுரங்கம்; அது சின்யோரா சிறுமியாக இருந்தபோதே மூடப்பட்டது. பிறகு ஆடுகள். ஒற்றை அறைப் பள்ளி. வாரத்தில் இரண்டு நாள் தபாலகமாகிற கடை. யாரும் யாரிடமும் எதையும் நேராகக் கேட்கமாட்டார்கள். ஆனால் காலையில் கடையில் எதை வாங்கினீர்கள் என்பது மாலைக்குள் கடைசி வீடு வரை தெரிந்திருக்கும். இப்போது ஒரு தேவாலயமும் பள்ளியும் விடுமுறை வீடுகள். குளிர்காலத்தில் பாதிக் கதவுகள் பூட்டியிருக்கும். வெளியிலிருந்து வந்து வீடு வாங்கியவர்கள் பழைய பெயர்களைக் கழற்றிவிட்டுத் தங்களுக்குப் பிடித்த பெயர்களை மாட்டினார்கள். அந்த ஊர் அவர்களை எல்லாவற்றுக்கும் மன்னித்தது, இதற்கு மட்டும் மன்னிக்கவில்லை.

அதற்குக் காரணம் இருந்தது. ஊர் முழுவதும் மூன்றே குடும்பப் பெயர்கள். ஆகவே ஆட்களை வீட்டின் பெயரால்தான் அழைப்பார்கள்.

அம்மாவுக்கு இது புதினமாகப் படவில்லை. "எங்களுக்கும் அப்பிடித்தானே. கோயிலிலை என்ரை பேர் ஆருக்குத் தெரியும்? கால்சா அக்கா எண்டால்தான் தெரியும். மொண்டெல்லோவிலை டாக்டர் வீட்டை நிக்கிறவ டாக்டர் அக்கா. அவவுக்கு ஒரு ஊசி போடத் தெரியாது."

அம்மா பெயர்களை எழுதியது துணி மினுக்கும் மத்தியானங்களில். அவருக்கு இத்தாலியன் பேச வரும், எழுத வராது. சின்யோரா சொல்லச் சொல்ல, காதில் விழுந்ததைத் தமிழ் எழுத்தில் ஒரு கொப்பியில் இறக்கினார். "அவையின்ரை ஊரிலை வீட்டுக்கு டீ எண்டு சொல்லுவினமாம். நான் முதல் தேத்தண்ணி கேக்கிறா எண்டு அடுப்பிலை தண்ணி வைச்சிட்டன்" என்றார்.

ஆசிரியர் பழைய நில அளவைத் தாளின் படியொன்றை அனுப்பியிருந்தார். அம்மாவின் பெயர்களை அதனுடன் ஒப்பிட்டேன். இருபத்திரண்டு பொருந்தின. கொப்பியின் கடைசி வரி, "டீ பெல்லா", தாளில் இல்லை. பக்கத்தில் "சின்யோரா பிறந்த வீடு" என்று அம்மா எழுதியிருந்தார். இத்தாலியனில் Bella, அழகானது. அறுபது வருடமாக இத்தாலியன் பேசுகிறவர் தன் வீட்டை அப்படி அழைக்கிறார் என்று எடுத்துக்கொண்டேன். தாளின் மேல் விளிம்பில் உத்தேசமாக ஒரு புள்ளி வைத்தேன். சின்யோரா தூங்கிக்கொண்டிருந்தார். வாசித்துக் காட்டாமலே அனுப்பினேன்.

மூன்று வாரத்தில் பதில் வந்தது. மரியாதையான கடிதம். அந்தப் பெயரில் வீடு எதுவும் பழைய தாளில் இல்லை, இத்தாலியப் பெயர் போலத் தெரிகிறது, வெளியிலிருந்து வந்து வீடு வாங்கியவர்கள் வைத்த பெயர்களைச் சேர்ப்பதில்லை என்பது குழுவின் முடிவு. ஆசிரியரும் பக்கத்துப் பள்ளத்தாக்கிலிருந்து வந்தவர்தான். அவருக்கும் தாளே சாட்சி.

கடிதத்தை இத்தாலியனில் வாசித்துக் காட்டினேன். "என்னை விடுமுறைக்கு வந்தவளாக்கிவிட்டார்கள்" என்றார் சின்யோரா. அன்று மத்தியானம் சாப்பிடவில்லை.

அம்மா என்னைக் குசினிக்குள் கூப்பிட்டார்.

"என்னடி எழுதி அனுப்பினனீ?"

"நீங்கள் எழுதினதைத்தான். டீ பெல்லா."

"நான் எழுதினது பெல்லா. நீ சொல்லுறது வேறை."

"எந்தப் பெ அம்மா? பாணுக்கு வாறதோ, பஸ்ஸுக்கு வாறதோ?"

"பெ எண்டால் பெதான். தமிழிலை எத்தினை பெ இருக்கு?"

"அப்ப சொல்லிக் காட்டுங்கோ."

அம்மா சொன்னார். பாணுக்கு வருகிற பெ; ரோமன் எழுத்தில் P. நான் போட்டது B. பின்னால் வந்த ல்லாவும் ல்லா அல்ல. நாக்கின் ஓரத்தால் காற்றை ஊதுகிற ஓர் ஒலி. பதினொரு வருடம் கேட்ட காது அதைச் சரியாகவே பிடித்திருந்தது. எழுத்தில்தான் அதற்கு இடம் இருக்கவில்லை. கொப்பியைப் பார்க்காமல் காதைக் கேட்டிருக்க வேண்டும்.

சின்யோராவிடம் போய் அந்தச் சொல்லின் பொருளைக் கேட்டேன்.

"மிகத் தூரத்திலுள்ளது" என்றார். "ஊரின் கடைசி வீடு. ஏன், நீ என்ன நினைத்தாய், இன்ஜெஞேரா?" என்னை எஞ்சினியர் என்றுதான் அழைப்பார்.

"அழகானது என்று."

"கூரை ஒழுகும். ஆடுகள் சமையலறைக்குள் வரும். அதை அழகு என்று சொன்ன முதல் ஆள் நீதான்."

கடைசி வீடு என்றதும் செய்ய வேண்டியது தெளிவானது. வரைபட வேலையில் எல்லோருக்கும் தெரிந்த விடயம், தாள் முடிகிற இடத்தில் நிலம் முடிவதில்லை. வடக்கே அடுத்த தாளை ஆவணக்காப்பகத்தின் தளத்தில் தேடி எடுத்தேன். முழுவதும் வெறும் மலை. கீழ் விளிம்பிலிருந்து ஒரு விரல் மேலே ஒரு சிறிய சதுரம், அருகே பெயர், P எழுத்தில். என் புள்ளி அதிலிருந்து நானூறு மீற்றர் தள்ளியிருந்தது.

இரண்டு தாள்களையும் ஒட்டி, பிழை என்னுடையது என்று எழுதி, சின்யோரா அந்தப் பெயரைச் சொல்வதைக் கைத்தொலைபேசியில் பதிந்து இணைத்தேன். மறுநாளே ஆசிரியர் எழுதினார். பெயரைக் கேட்டதும் சந்தேகம் போய்விட்டது என்றும், இப்படிச் சொல்கிறவர்கள் அந்தத் தெருவில் இப்போது இல்லை என்றும் எழுதியிருந்தார். கூடவே, வீடுகளைப் பற்றிய அத்தியாயம் ஏற்கெனவே அச்சகத்துக்குப் போய்விட்டது, வரைபடத்தை மட்டும் மாற்றலாம் என்றும்.

"படத்திலை போட்டுவினமாம், கதையிலை போடேலாதாம்" என்று அம்மா பெருமூச்சு விட்டார். சின்யோராவிடம் அதை மெல்லச் சொன்னோம். அவர் கேட்டது ஒன்றுதான்: "எந்த எழுத்து போட்டிருக்கிறார்கள்?"

இப்போதைய நிலை இது. புத்தகம் அடுத்த மாதம் வருகிறது. வரைபடத்தில் இருபத்து மூன்று வீடுகள் இருக்கின்றன, சரியான பெயர்களுடன். அத்தியாயத்தில் இருபத்திரண்டு வீடுகளைப் பற்றித்தான் எழுதியிருக்கிறது. விடுபட்ட வீட்டுக்கு அரைப் பக்கத்தில் ஓர் இணைப்புத் தாள் வைக்கக் கேட்டிருக்கிறோம். குழு இன்னும் பதில் தரவில்லை.