செயலி அறியாத நண்டு விளையாட்டு

கணினியில் என்னென்ன விளையாட்டுகள் இருக்கின்றன என்பதை அதன் சொந்தக்காரருக்கே எடுத்துச் சொல்லும் செயலி ஒன்றை முதன்முதலாகப் பார்த்தபோது, இது யாருடைய மறதிக்கு மருந்து என்றுதான் யோசித்தேன். கிராபிக்ஸ் கார்டோடு கூட வருவது அது. கணினியைத் துழாவி, தனக்கு முன்பே அறிமுகமான விளையாட்டுகளை மட்டும் பொறுக்கியெடுத்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு பெரிய படத்தை மாட்டி வரிசையாக நிறுத்தும். அறிமுகம் இல்லாதவற்றை ஏறெடுத்தும் பார்க்காது. பெரிய மனிதர்கள் பலரிடம் இதே பழக்கத்தைக் கண்டிருக்கிறேன். அவர்களாவது அதற்காக மின்சாரம் செலவழிப்பதில்லை.

பட்டம் பெற்றுவிட்டு அரச நியமனத்துக்குக் காத்திருந்த காலத்தில், வாவிக்கரையில் இருந்த கணினிப் பயிற்சி நிலையம் ஒன்றில் தொண்டராகப் படிப்பித்தேன். அதன் தலைவர் ஓய்வுபெற்ற அதிகாரி. கணினியை இயக்கத் தெரியாது. கணினி பற்றிய கூட்டங்களுக்குத் தலைமை தாங்க நன்றாகத் தெரியும். வெளிநாட்டிலிருந்து அன்பர் ஒருவர் கிராபிக்ஸ் கார்ட் பொருத்திய புதிய கணினியை அனுப்பிவைத்தார். அதைத் திறந்துவைக்கும் விழாவிலேயே, வெற்றிடமாக இருந்த போதனாசிரியர் வேலைக்கும் ஆளைத் தெரிவு செய்வதென்று தலைவர் தீர்மானித்தார். விண்ணப்பித்தவர்கள் ஆளுக்கொரு கணினி விளையாட்டை ஆயத்தம் செய்து, விருந்தினர் முன் இயக்கி விளக்க வேண்டும்.

விண்ணப்பித்தவர்கள் இருவர். ஒருவர் தலைவரின் சகோதரி மகன். மற்றவள் பெரியகல்லாற்றுப் பெண். வாவியில் நண்டு பிடிப்பவரின் மகள். இந்த வேலை கிடைக்காவிட்டால் அவளை வெளியூர் ஆடைத் தொழிற்சாலைக்கு அனுப்புவதென்று வீட்டில் பேசி முடித்திருந்தார்கள்.

மருமகன் பிரபலமான வெளிநாட்டுப் போர் விளையாட்டு ஒன்றை இணையத்திலிருந்து இறக்கி வைத்தார். அவரது உழைப்பு அத்தோடு முடிந்தது. அவளோ தன் விளையாட்டைத் தானே எழுதியிருந்தாள். ஒரு தோணி, ஒரு வாவி, கரையெல்லாம் கண்டல் மரங்கள். வாவி கடலோடு சேரும் முகத்துவாரம் வெட்டித் திறக்கப்பட்டால் தண்ணீரின் உப்பு மாறும், நண்டு இடம்பெயரும். பேராசைப்பட்டுச் சின்னக்கண் வலையைப் போட்டால் அன்று தோணி நிறையும். அடுத்த பருவத்தில் வலை வெறுமையாக வரும். ஒரு செயலுக்குப் பின்விளைவு உண்டு என்பதை இவ்வளவு தெளிவாக எனக்குப் பல்கலைக்கழகத்தில் எவரும் சொல்லித் தந்ததில்லை.

தலைவருக்கு அந்தச் செயலியின் படச்சுவர் மிகவும் பிடித்துவிட்டது. எல்லா விளையாட்டுகளும் அதிலிருந்துதான் திறக்கப்பட வேண்டும் என்று உத்தரவிட்டார். செயலி கணினியைத் துழாவியது. போர் விளையாட்டு உடனே வந்து நின்றது. அவளுடையது வரவில்லை.

"மச்சாள், உங்கட நண்டு உள்ளுக்க வரமாட்டன் எண்டு நிக்கிது," என்றார் மருமகன்.

"பிடிக்கத் தெரியாத ஆளைக் கண்டா நண்டு அப்படித்தான் நிக்கும்," என்றாள் அவள்.

செயலியின் அமைப்புகளுக்குள் போய், அவளுடைய கோப்புறை இருந்த இடத்தைக் காட்டி, மறுபடி தேடச் சொன்னேன். தேடியது. கண்முன்னே கிடந்ததைக் கண்டுபிடிக்க முடியவில்லை என்று மிகுந்த மரியாதையோடு அறிவித்தது. கடைசியில், கையால் சேர்க்கும் பொத்தானை அமுக்கி, விளையாட்டைத் திறக்கும் கோப்பை நானே தெரிவு செய்து கொடுத்தேன். சேர்ந்தது. ஆனால் படம் இல்லை. வெறும் சாம்பல் நிறக் கட்டம். அடியில், இதற்குப் பொருத்தமான அமைப்புகள் கிடைக்கவில்லை என்று ஒரு வரி.

தலைவர் கண்ணாடியை உயர்த்திப் பார்த்தார். "என்ன புள்ள இது, படம் இல்லாம?"

"செயலிக்கு இதைத் தெரியாது சேர். இது இவ செய்தது. நல்லா வேலை செய்யும்," என்றேன் நான்.

"ஆப்புக்கே தெரியாதெண்டா அது எப்படி கேம் ஆகும்?"

எங்கள் பகுதிக் கோயில் திருவிழாக்களில் குடிகள் எனப்படும் குலங்களை முறைப்படி ஒவ்வொன்றாகக் கூப்பிட்டு மரியாதை செய்வார்கள். தலைவரின் குடும்பம் தலைமுறையாக முதலில் கூப்பிடப்படும் குடும்பம். கூப்பிடப்படாத ஒருவருக்கும் ஊரில் வீடு வாசல் இருக்கக்கூடும் என்று அவர் நினைத்துப் பார்க்க நேர்ந்ததே இல்லை. இப்போது கூப்பிடுகிற உரிமையை ஒரு செயலியின் கையில் கொடுத்துவிட்டு, அதன் முன் கைகட்டி நின்றார்.

மருமகனிடம் தீர்வு இருந்தது. செயலி கோப்பின் பெயரைப் பார்த்துத்தான் அடையாளம் காண்கிறது. அவளுடைய கோப்புக்குப் புகழ்பெற்ற ஒரு விளையாட்டின் பெயரை வைத்தால் படம் தானாக வந்துவிடும் என்றார். தலைவர் உடனே சம்மதித்தார். மருமகன் பெயரை மாற்றித் தேடவிட்டார். செயலி துள்ளிக்கொண்டு வரவேற்றது. சாம்பல் கட்டம் மறைந்து, முகத்தில் கரி பூசி, துவக்கைத் தூக்கி நிற்கும் படைவீரன் ஒருவன் திரையை நிறைத்தான். அவனுக்குக் கீழே, அவளுடைய தோணி.

"இப்பதான் பார்க்க வடிவா இரிக்கி," என்றார் தலைவர். "இப்படியே விடுங்க. வேலை விசயம், யோசிங்க."

அவள் யோசித்ததாகத் தெரியவில்லை. சுட்டியை எடுத்துப் பெயரைப் பழையபடி மாற்றினாள்; சாம்பல் கட்டம் திரும்பி வந்தது.

"என்ட கண்டலுக்குள்ள துவக்குக்காரன் வேணாம் சேர். அப்பா அதுக்குள்ளதான் வலை வைக்கிற."

அந்த அறையில் இருந்த எல்லோரும், மருமகனைத் தவிர, போர்க்காலத்தில் அந்தக் கண்டல் காடுகளுக்குள் யார் யார் துவக்கோடு நடமாடினார்கள் என்பதை நினைவில் வைத்திருக்கும் வயதினர். தலைவருக்கும் தெரியும். "உங்கட விருப்பம்," என்று மட்டும் சொல்லிவிட்டு, விருந்தினருக்கான பூமாலை வந்து சேர்ந்ததா என்று பார்க்கப் போனார்.

விழாவில் மருமகனின் போர் விளையாட்டுக்கு ஒழுங்கான கைதட்டல் கிடைத்தது. பிரதம விருந்தினர்தான் சாம்பல் கட்டத்தைக் காட்டி இது என்னவென்று கேட்டார். "அது சும்மா ஒரு ஃபைல் சேர்," என்று தலைவர் சொல்லி முடிப்பதற்குள் அவள் எழுந்து வந்து அதைத் திறந்துவிட்டாள். திரையில் வாவி விரிந்தது. பின்வரிசையில் பெற்றோர் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். சிறுவர் வகுப்புப் பிள்ளைகள் மேசையைச் சூழ்ந்துகொண்டார்கள். அவள் சின்னக்கண் வலையைத் தெரிவு செய்தபோது ஒருவர் பின்னாலிருந்து கத்தினார்:

"புள்ள, அந்த வலைய எடு! மறுகா, அடுத்த பருவத்தில என்னத்தப் பிடிக்கிற?"

"பொறுங்க மாமா, உங்களுக்குக் காட்டத்தான் போட்ட நான்!"

மண்டபம் சிரித்தது. விருந்தினரும் சிரித்தார். தலைவர் மட்டும் செயலியின் படச்சுவர் எங்கே போனது என்று தேடிக்கொண்டிருந்தார்.

வேலை மருமகனுக்குக் கிடைத்தது. காரணத்தைத் தலைவர் என்னிடம் நேர்மையாகவே விளக்கினார்: நிலையத்தின் கருவிகளோடு ஒத்துப்போகாத ஒன்றைச் செய்தவரைக் கருவிகளுக்குப் பொறுப்பாக வைக்க முடியாதாம். வஞ்சகமாக இருந்திருந்தால் எதிர்த்து நின்றிருக்கலாம். அவர் அதை உண்மையாகவே நம்பினார். ஒருவரின் பிழைப்பை முடிவு செய்யும்போது, தான் அறியாதது எது என்று ஒருமுறையாவது கேட்டுக்கொள்ளாத மனிதரோடு எதைப் பேசுவது? நான் அங்கே போவதை நிறுத்தினேன். அவள் தொழிற்சாலைக்குப் போனாள்; விளையாட்டையும் தன்னோடு கொண்டு போனாள்.

சில மாதங்களின் பின் தலைவர் தொலைபேசியில் அழைத்தார். சிறுவர் வகுப்புக்கு ஆள் குறைகிறதாம். வருகிற பிள்ளைகளும் நண்டு கேம் எங்கே என்று கேட்டு நச்சரிக்கிறார்களாம். மருமகன் இணையமெல்லாம் தேடியும் கிடைக்கவில்லையாம்.

"அந்தப் புள்ளயிட்டச் சொல்லி ஒருக்கா கேமை ஏத்தித் தரச் சொல்லுங்க."

அவளுக்கு அழைப்பு எடுத்தேன். பின்னால் தையல் இயந்திரங்கள் இரைந்தன. விஷயத்தைக் கேட்டுவிட்டுச் சொன்னாள்:

"முதல்ல அந்த ஆப்பிட்டக் கேக்கச் சொல்லுங்கக்கா. அதுக்குத் தெரியாத ஒண்டை நான் எப்படிக் குடுக்கிற?"

அப்படியே தலைவரிடம் சொன்னேன். அவர் கோபப்படவில்லை. உண்மையான அக்கறையோடு கேட்டார்:

"அந்த ஆப்பிட்ட எப்படிப் புள்ள கேக்கிற?"