ஒரு மூட்டை மல்லாட்டை

அஜ்மத் பேகத்துக்கு ரோஷம் ஜாஸ்தி. அந்த ரோஷம்தான் அவள் குடியைக் கெடுத்தது என்று ஊர் சொல்லும். ஊருக்கென்ன, சொல்லும்.

கீழ்பென்னாத்தூர் பக்கம் அப்பா விட்டுப்போன நிலத்தில் அவளுக்கு மூன்றில் ஒரு பங்கு. மார்க்கமே கொடுத்த பங்கு அது. அண்ணன் அய்யூப் நிலத்தைத் தன் கையில் வைத்துக்கொண்டு, மல்லாட்டை, அதாவது நிலக்கடலை, பிடுங்கியதும் ஒரே ஒரு மூட்டையை ஊர் வண்டிக்காரன் சகாதேவன் வண்டியில் அனுப்பினான். புருஷனைப் பறிகொடுத்து, திருவண்ணாமலையில் வாடகை அறையில் ஜாக்கெட் தைத்து மகளை வளர்த்துக்கொண்டிருந்தவள் வண்டியைத் திருப்பிவிட்டாள்.

"பங்கு கேட்டா பிச்சை போடறாரா? எடுத்துட்டுப் போப்பா."

அதோடு மூட்டை வருவதும் நின்றது.

எழுபத்தெட்டாம் வருஷம் பாகப்பிரிவினை வழக்குப் போட்டாள். வக்கீல் தன்யகுமார் நல்ல மனுஷர். நிலம் இருவரின் கூட்டு அனுபவத்தில் இருப்பதாகப் பிராதில் எழுதினார். அப்படி எழுதினால் கோர்ட்டு ஸ்டாம்பு கம்மி. அவளை அடியோடு விலக்கிவிட்டார்கள் என்றால், அவள் பங்கின் சந்தை விலைக்குத் தக்கபடி கட்ட வேண்டும். அதற்கு அவள் எங்கே போவாள்?

"கூட்டு அனுபவம்னா என்னாங்க?"

"அண்ணன் பயிர் வெக்கிறது உங்களுக்கும் சேர்த்துத்தான்னு அர்த்தம்மா. கேட்டா ஆமான்னு சொல்லுங்க, போதும்."

வாய்தா வாய்தாவாக வருஷங்கள் ஓடின. அவள் கூண்டேறியபோது மகளுக்குக் கல்யாணம் பேசி, பங்கு வந்தால்தான் நிக்காஹ் என்ற நிலைமை.

எதிர்த்தரப்பு வக்கீல் தேனாகப் பேசினார். "அண்ணன் மல்லாட்டை அனுப்பித்தான் உங்களைக் காப்பாத்துறாராமே?"

'ஆமாம்' என்ற ஒரு சொல் போதும், கூட்டு அனுபவம் ருசுவாகிவிடும். ஆனால் கோர்ட்டு நிறைய ஆம்பிளைகள், பின்பெஞ்சில் அய்யூப். காப்பாத்துறாராம்!

"யாரு யாரைக் காப்பாத்தறது? அந்த நிலத்துலேந்து ஒரு கொட்டை என் வாசப்படி ஏறினதில்லைங்க. வரப்புல கால் வெக்கக்கூட என்னை விடலை."

தன்யகுமார் கண்ணை மூடிக்கொண்டார். நீதிபதி எழுதிக்கொண்டார். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். ஐயோ, இவள் சத்தியத்தையல்லவா சொன்னாள்!

அனுபவத்தில் இல்லாதவள் முழு ஸ்டாம்பும் கட்ட வேண்டும் என்று உத்தரவானது. கெடு முடிந்தது. கட்ட முடியவில்லை. பிராது தள்ளுபடி. நிலத்தில் அவளுக்குப் பங்கு உண்டா என்று கடைசிவரை யாரும் விசாரிக்கவே இல்லை.

"நான் நிஜத்தைத்தானே சொன்னேன், சார்?"

"நிஜம்தாம்மா. அதுக்குத்தான் ஸ்டாம்பு ஜாஸ்தி."

மாப்பிள்ளை வீட்டார் வேறு இடம் பார்த்துக்கொண்டார்கள். அடுத்த மல்லாட்டைப் பருவத்தில் சகாதேவன் வண்டி வாசலில் வந்து நின்றது. ஜெயித்தவனுக்குத் தாராள மனசு வந்துவிடும் போலிருக்கிறது.

"அண்ணன் குடுத்துட்டு வரச் சொன்னாருங்கம்மா. நீங்க வாங்க மாட்டீங்கன்னு அப்பவே சொன்னேன்."

அன்று அடுப்பு மூட்ட வழியில்லை. அஜ்மத் பேகம் மகளைத் திரும்பிப் பார்த்தாள். மகள் தையல் மிஷினிலிருந்து தலை தூக்கவில்லை.

"உள்ள வெச்சுட்டுப் போப்பா" என்றாள்.